தூணுக்குள்ளிருந்து ஒரு தும்மல்

ஒண்டிக்கடை முக்கில் நின்றுகொண்டு, மூன்று உலகங்களையும் ஆண்ட இரணியனுக்காகக் காத்திருந்தேன். மாசிக் கடைசி. சாயங்காலம் நாலரை மணி. வந்தார். பழைய வேனின் ஜன்னலோரம், மடியில் கேரி பேக்கோடு, வெயிலில் போட்ட கீரைத்தண்டு மாதிரி துவண்டு கிடந்தார். “பன்னெண்டாவது வளைவுலயே எடுத்துட்டாருங்ணா” என்றார் ஓட்டுநர். சேலத்திலிருந்து ஏற்காட்டுக்கு ஏற 20 கொண்டை ஊசி வளைவுகள். இந்திரனை விரட்டி அவன் நாற்காலியில் உட்கார்ந்தவர், எட்டு வளைவு பாக்கி இருக்கும்போதே சரணடைந்துவிட்டார்.

கையில் ஓர் எலுமிச்சம்பழத்தை வைத்து மோந்துகொண்டிருந்தார். பின்சீட்டிலிருந்து ஒரு குரல்: “அண்ணா, அது நரசிம்மர் பூசைக்கு வாங்குனது!”

அந்த நொடியில் முடிவு செய்துவிட்டேன். இந்த இரவு வீண் போகாது.

நாலு மாதமாக வாத்தியாரை நச்சரித்து வாங்கிய அனுமதி இது. கூத்துச் செட்டின் தலைவரை இந்தப் பக்கம் வாத்தியார் என்றுதான் சொல்வார்கள். “முன்னால உக்காந்து பாருங்க, அதுதான் அழகு. பின்னால வந்து என்னத்தப் பாக்கப் போறீங்க, பீடித் துண்டும் எண்ணெய்ப் பிசுக்கும்” என்று தட்டிக்கழித்துக்கொண்டே இருந்தவர், கடைசியில் இறங்கி வந்தார். “ஏற்காட்டுல மேல ஒரு ஊருக்கு இரணியன் கூத்து தாம்பூலம் வாங்கியிருக்கோம். ஒண்டிக்கடையில நில்லுங்க, ஏத்திக்கிறோம்.”

ஒண்டி என்றால் தனி. இப்போது அது பெயரில் மட்டும்தான். மிளகாய் பஜ்ஜி வாசம், பிரெட் ஆம்லெட் தட்டுகளின் சத்தம், மிளகுப் பொட்டலம், காபித்தூள் என்று நாலு பக்கமும் கடைகள். செட்டு மொத்தமும் இறங்கி டீக்கு நின்றது. பதினொரு பேர். ஒருவர் கையில் முகவீணை, துணியில் சுற்றிய குழந்தை மாதிரி. ஒருவர் தலையில் துண்டு, காதில் பஞ்சு, அவர்தான் லீலாவதி. இரணியன் பஜ்ஜியைப் பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

எனக்கு ஒரு பைத்தியம் உண்டு; இங்கேயே சொல்லிவிடுகிறேன். இல்லாத உலகத்துத் தத்துவங்கள் என்றால் எனக்கு நாக்கில் எச்சில் ஊறும். மணிமேகலை வஞ்சி மாநகரில் சமயக்கணக்கர் ஒவ்வொருவரிடமும் போய் அவரவர் கொள்கையைக் கேட்கிறாளே, அந்தக் காதையைத் திரும்பத் திரும்பப் படிப்பவன் நான். 1997-இல் வந்த ஜெயமோகனின் ‘விஷ்ணுபுரம்’ ஒரு கற்பனை நகரத்தையே கட்டி, அதற்கு ஒரு ஞானசபையும் வைத்து வாதிட விட்டது. ஆனால் அங்கெல்லாம் வருபவை பெரும்பாலும் நிஜத்தில் இருந்த தத்துவங்கள். இரணியனுடையது அப்படி இல்லை. கதைக்குள்ளேயே பிறந்து கதைக்குள்ளேயே செத்த மதம். அதற்குத் தனி மந்திரம் உண்டு, பள்ளிக்கூடம் உண்டு, சண்டன், அமர்க்கன் என்று இரண்டு வாத்தியார்கள் உண்டு, பாடத்திட்டம் உண்டு, ஃபெயிலானால் யானைக்காலும் உண்டு. ஒரே சங்கடம், நிறுவனர், கடவுள், பக்தர் சங்கத் தலைவர் மூன்றும் ஒரே ஆள். அந்த மதத்தின் பின்வாசல் வழியாக நுழைய எனக்கு இடம் கிடைத்திருக்கிறது. வாங்க, நீங்களும் வேனில் ஏறிக்கொள்ளுங்கள். அந்தத் தாளத்தை மட்டும் மிதித்துவிடாதீர்கள்.

ஏரியைத் தாண்டி, சில்வர் ஓக் மரங்களில் மிளகுக்கொடி ஏறியிருக்கும் எஸ்டேட் சாலைகளில் வேன் முனகிக்கொண்டு போனது. பத்து நாளைக்கு முன் பெய்த பூமழைக்குக் காபிச்செடிகள் மொத்தமாகப் பூத்திருந்தன. கொத்துக் கொத்தாய் வெள்ளை, மல்லிகைக்கு ஒன்றுவிட்ட தங்கை போன்ற வாசம். 1820-களில் சேலம் கலெக்டராக இருந்த காக்பர்ன் இங்கே காபியை வைத்தபோது, அதன் பூவாசத்தில் ஒருநாள் இரணியன் தெளிவான் என்று நினைத்திருக்க மாட்டார். தெளிந்துவிட்டார். ஜன்னலைத் திறந்து மூச்சை இழுத்து, “பஜ்ஜி ஒண்ணு வாங்கியிருக்கலாமோ” என்றார்.

நமக்குக் கிடைத்த ஒப்பனை அறை ஒரு காபி குடோன். வெளியே காபிப்பழம் காயவைக்கும் சிமெண்ட் களம். அறுப்பு முடிந்து காலியாகக் கிடந்ததால் அதுதான் இன்று களரி. உள்ளே சுவர் உயரத்துக்குச் சாக்கு மூட்டைகள், ஒரு தராசு, ஒரு மூலையில் பூச்சிமருந்து தெளிக்கும் டப்பா. ஒரே ஒரு பல்பு. மூட்டைகளுக்கு நடுவே கிடுகிடுவென்று பெட்டிகள் இறங்கின. கூத்துப் பெட்டி திறக்கிற வாசம் தெரியுமா உங்களுக்கு? பழைய வியர்வை, கற்பூரம், அரிதாரம், பூச்சி உருண்டை எல்லாம் கலந்தது. அதன்மேல் காபிக்கொட்டை வாசமும் ஏறிக்கொண்டதும் மூக்கே குழம்பிப் போனது.

முதல் சிக்கல் தேங்காயெண்ணெய். அரிதாரப் பொடியை எண்ணெயில் குழைத்துத்தான் முகத்தில் பூச வேண்டும். பாட்டிலைக் கவிழ்த்தால் ஒரு சொட்டு வரவில்லை. 1,500 மீட்டர் உயரம், மாசிக் குளிர்; எண்ணெய் வெள்ளை மெழுகாக உறைந்து நின்றது. சமவெளியில் வேர்வையோடு வேஷம் கட்டிப் பழகிய செட்டு பேந்தப் பேந்த விழித்தது. கோமாளி வேஷக்காரர் பாட்டிலைத் தன் அக்குளில் இடுக்கிக்கொண்டு கோழி அடைகாப்பது மாதிரி உட்கார்ந்தார். ஐந்து நிமிடம், பத்து நிமிடம். “குஞ்சு பொறிச்சிருச்சா?” என்று ஆளாளுக்குக் கேட்டுவிட்டுப் போனார்கள். கடைசியில் ஊர்ப் பெண் ஒருத்தி அடுப்பிலிருந்து ஒரு சட்டி தணல் கொண்டுவந்து வைத்தாள். எண்ணெய் உருகியது. தணலைச் சுற்றி முகவீணை, லீலாவதி, நான், ஒரு நாய்.

இரணியன் மூட்டைமேல் சம்மணமிட்டு உட்கார்ந்தார். கையகலக் கண்ணாடியை எதிர் மூட்டையில் செருகினார். அதற்குமேல் அரைமணி நேரம் அவர் யாரோடும் பேசவில்லை. ஆனால் முகம் பேசிக்கொண்டிருந்தது. முதலில் முத்துவெள்ளைப் பூச்சு. அதன்மேல் சிவப்பு. ஈர்க்குச்சியை நுனி நசுக்கித் தூரிகையாக்கி, புருவத்தை நெற்றி வரை ஏற்றி, கன்னத்தில் வெள்ளைப் புள்ளிகள். அந்தக் கை கொஞ்சமும் நடுங்கவில்லை. ஒவ்வொரு கோட்டுக்கும் அவர் கீழுதடு ஒரு மில்லிமீட்டர் முன்னால் வந்தது. கடைசிக் கோடு முடிந்தபோது எலுமிச்சம்பழம் மோந்தவரைக் காணோம். கண்ணாடிக்குள்ளிருந்து வேறு யாரோ என்னைப் பார்த்தார். நான் தன்னிச்சையாக எழுந்து நின்றுவிட்டேன்.

“உக்காருங்க தம்பி” என்றார் அந்த வேறு யாரோ, “வேஷம் கலைச்சா நான் வாட்ச்மேன்தான்.”

நிஜமாகவே வாட்ச்மேன். கீழே ஒரு நூல் ஆலையின் கேட்டில் நிற்கிறார். எனக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. வைகுண்டத்து வாசலில் நின்ற ஜயவிஜயர்கள் சனகாதி முனிவர்களை உள்ளே விடாமல் தடுத்துச் சாபம் வாங்கினார்கள். பக்தர்களாக ஏழு பிறவியா, எதிரிகளாக மூன்று பிறவியா என்று கேட்டபோது சீக்கிரம் திரும்பலாம் என்று மூன்றைப் பிடித்துக்கொண்டார்கள். அந்த முதல் பிறவிதானே இரணியன். “தெரியுங்களே” என்றார் அவர். “எங்க செக்யூரிட்டி ஆபீஸ்ல சொன்னேன், சார், இரணியனே நம்ம டிபார்ட்மெண்ட்தான்னு. லீவு குடுத்துட்டாங்க.”

நான் பாகவதத்தில் படித்த ஒன்றை அவிழ்த்துவிட்டேன். தம்பி இரணியாட்சன் செத்தபோது, அழுகிற தாய்க்கும் தம்பி மனைவிக்கும் ஆறுதல் சொல்வது இரணியன்தான். உடம்பு போகும், ஆத்மா போகாது, எதற்கு அழுகை என்று ஏழாவது ஸ்கந்தத்தில் முனிவரைப் போல உபதேசம் செய்கிறான். அப்படி ஒருத்தன் எப்படி ‘நானே கடவுள்’ என்று போய் நின்றான்? வேஷக்காரர் மார்புக் கட்டையின் கயிற்றை இழுத்துக் கட்டிக்கொண்டே யோசித்தார். “ஊருக்குச் சொல்றதுக்கு நெறைய இருக்குங்க தம்பி. தனக்குன்னு வரும்போது அம்புட்டுதான். எனக்கும் ராத்திரி டூட்டியில நல்லா தத்துவம் வரும். காலையில சம்பளம் புடிச்சிட்டா போயிரும்.”

கிரீடமும் புஜக்கட்டையும் கல்யாண முருங்கை மரத்தில் செதுக்கியவை. கனமில்லாத மரம் என்பார்கள். என்னைப் போட்டுப் பார்க்கச் சொன்னார்கள். கழுத்து தோளுக்குள் போய்விட்டது! கனமில்லையாம். இதோடு விடிய விடியச் சுழன்று ஆட வேண்டும்.

பக்கத்து மூட்டையில் லீலாவதி தயாராகிக்கொண்டிருந்தார். பாகவதத்தில் இரணியன் மனைவி கயாது. கூத்தில் ஏறும்போது அவள் லீலாவதி. தஞ்சைப் பக்கத்து மெலட்டூர் பாகவத மேளாவிலும் லீலாவதிதான். அரசியார் டோப்பாவைச் சீவிக்கொண்டே, மூக்குத்தி இடறாமல் ஓரமாக பீடி இழுத்துக்கொண்டு, போனில் வீட்டுக்காரியிடம் மாட்டுக்குத் தண்ணீர் காட்டச் சொல்லிக்கொண்டிருந்தார். “இல்லடி, இன்னிக்குப் புருசன் சாவறது விடியக்காலதான். பத்து மணிக்கு வந்துருவேன்.”

இனி தூண். இதற்காகத்தான் நான் நாலு மாதம் அலைந்தேன்.

மூங்கில் தப்பைகளை வளையமாகக் கட்டி, ஆறடி உயரத்துக்கு ஒரு கூண்டு. அதன்மேல் செய்தித்தாளை மைதாப் பசையால் ஒட்டி, மேலே காவியும் சுண்ணாம்பும் பட்டை பட்டையாக அடிப்பார்கள். பசை காய வேண்டும். பனிமூட்டத்தில் எங்கே காய்வது? ஒட்டியது வழிந்தது, வழிந்ததைத் திரும்ப ஒட்டினார்கள். என்னையும் ஒரு பக்கம் பிடிக்கச் சொன்னார்கள். அப்படியாக, இரணியன் தூணின் உட்புறத்தைப் படித்த சொற்பப் பேரில் நானும் ஒருவன். உள்ளே தங்கம் விலை, ஒரு மணமகன் தேவை, ஒரு கண்ணீர் அஞ்சலி. எங்கும் இருப்பவன் இருக்கப்போகிற இடம் இதுதானா என்று கேட்டேன். “பழைய பேப்பர் கிலோ விலை ஏறிப்போச்சுங்க” என்றார் பசை பூசியவர்.

அந்தத் தூணுக்குள் இருக்கப்போகிறவர் மூலையில் தனியாக உட்கார்ந்திருந்தார். காலையிலிருந்து ஒன்றும் சாப்பிடவில்லை. பேசவும் இல்லை. நரசிம்ம வேஷத்துக்கு அதுதான் கட்டுப்பாடு. மெலட்டூரிலும் அந்த முகமூடிக்குப் பூசை உண்டு, அதை அணிபவர் விரதம் இருக்கிறார். இங்கே முகமூடி ஒரு சிவப்புத் துணிக்குள் இருந்தது. சுற்றி மூன்றடிக்கு யாரும் செருப்போடு போகவில்லை. அவ்வளவு கலாட்டா செய்த கோமாளிகூட அந்த மூலைக்கு வந்ததும் குரலைத் தணித்துக்கொண்டார்.

ஒன்பதரை மணிக்கு வாத்தியார் சாமான் சரிபார்த்தார். கேளுங்கள் இதை. ரேஷன் கடையில் பில் வாசிப்பது மாதிரி, பிரம்மா கொடுத்த வரத்தை ஒவ்வொரு ஷரத்தாக வாசிக்கிறார். பதிலுக்கு ஆட்கள் சாமானைக் காட்டுகிறார்கள்.

“மனுசனாலயும் கூடாது, மிருகத்தாலயும் கூடாது?”

“முகமூடி இருக்குதுங்.”

“வீட்டுக்குள்ளயும் இல்ல, வெளியயும் இல்ல?”

“வாசப்படிப் பலகை ஒண்ணு, சரி.”

“மண்ணுலயும் இல்ல, விண்ணுலயும் இல்ல?”

மூலையிலிருந்து நரசிம்மர் வாய் திறக்காமல் தன் தொடையைத் தட்டிக் காட்டினார்.

“ஆயுதம் இல்லாம?”

நிசப்தம். “தகர நகம் எட்டுதான் இருக்குதுங். ரெண்டு காணோம்.”

“போன ஊர்ல விட்டுட்டீங்களாடா? பத்து நகம் இல்லாம எப்படிடா கிழிக்கிறது?”

“எட்டு வச்சு கிழிச்சுக்கலாம் மாமா. பூனைக்கே அவ்வளவு வேணாம்.”

“ராத்திரியும் இல்ல, பகலும் இல்ல?”

“அதுக்கு ஊர்ப் பெரியவரு இருக்காரு. வானம் பாத்துச் சொல்லுவாரு.”

தர்க்க சாஸ்திரம் என்று தலையணை தலையணையாகப் புத்தகங்கள் இருக்கின்றன. ‘இதுவும் இல்லை, அதுவும் இல்லை’ என்பதை இவ்வளவு துல்லியமாக ஒரு தகரப்பெட்டியில் அடுக்கி வைத்திருப்பதை இன்றுதான் பார்த்தேன். இரணியன் உலகத்தை இரண்டிரண்டாக வெட்டி, இரண்டுக்கும் வேலி போட்டுவிட்டு நிம்மதியாக இருந்தான். வெட்டின கோட்டிலேயே ஒருவன் வந்து உட்காருவான் என்று அவன் நினைக்கவில்லை. அந்தக் கோடு இப்போது ஒரு வாசப்படிப் பலகையாக என் காலடியில் கிடக்கிறது. ஒரு முனையில் கரையான் அரித்திருந்தது.

பிரகலாதன் எட்டாவது படிக்கிற பையன். முகவீணைக்காரரின் மகன். சாக்குமேல் சுருண்டு தூங்கிக்கொண்டிருந்தவனை எழுப்பி, இரணியனே தன் மடியில் இருத்தி நாமம் வரைந்துவிட்டார். “தொண்டை கட்டியிருக்காடா?” என்று கேட்டு மிளகும் வெல்லமும் வாயில் திணித்தார். மப்ளரைக் கழுத்தில் இரண்டு சுற்று சுற்றினார். இந்தப் பையனைத்தான் இன்னும் சில மணி நேரத்தில் மலையிலிருந்து உருட்டவும், நஞ்சு கொடுக்கவும், யானைக்காலில் இடறவும் ஆணையிடப் போகிறார்.

வெளியே களரி கட்டிவிட்டார்கள். மிருதங்கத்தின் தோல் ஈரத்தில் தொய்ந்திருந்தது. கல்லால் தட்டித் தட்டிச் சுருதி கூட்டினார்கள். களத்தைச் சுற்றிக் கம்பளியும் பெட்ஷீட்டுமாக ஊர் உட்கார்ந்திருந்தது. மலையாளி என்னும் மலைவாழ் மக்களின் ஊர். காஞ்சிபுரத்திலிருந்து மூன்று அண்ணன்தம்பிகள் கரிராமன் சாமியோடு கிளம்பி வந்ததாகவும், பெரியண்ணன் சேர்வராயன் மலையிலும், நடுவண்ணன் பச்சைமலையிலும், சின்னண்ணன் கொல்லிமலையிலும் தங்கியதாகவும் சொல்லும் பழங்கதை இவர்களுடையது. முன்வரிசையில் வெற்றிலை இடித்துக்கொண்டிருந்த பாட்டிக்கு இரணியனோடு நேரடிப் பகை இருந்தது பிறகுதான் தெரிந்தது.

இரண்டு பேர் திரையைப் பிடித்துக்கொண்டு போனார்கள். திரைக்குப் பின்னால் இரணியன். அதற்கும் பின்னால் நான், சலங்கைப் பை காவல். முன்னால் உட்கார்ந்திருப்பவர்களுக்குத் திரைமேல் தெரியும் கிரீட நுனியும், கீழே தெரியும் கால்களும் மட்டும்தான். எனக்கு முழு முதுகும் தெரிந்தது. மார்புக்கட்டை கண்ணாடிச் சில்லுகளில் மின்னுகிறதே, அதன் பின்பக்கம் முழுக்கக் கோணிக்கயிறு, பழைய சைக்கிள் டியூப், ஒரு ஊக்கு. அவர் கண்ணை மூடிக்கொண்டு தரையைத் தொட்டு, உதட்டுக்குள் ஏதோ சொன்னார். திரை விலகியது. ‘ஓம் நமோ இரணியாய நம’ என்று அவர் எடுத்த குரலுக்கு மூட்டை இடுக்கிலிருந்த நாய் எழுந்து ஓடியது.

பள்ளிக்கூடக் காட்சியில் ஊர் குலுங்கிச் சிரித்தது. சண்டனும் அமர்க்கனும் பாடம் நடத்துகிறார்கள்: அரிச்சுவடியில் முதல் எழுத்து என்ன? ‘இ’. ஏன் ‘அ’ இல்லை? ‘அ’ன்னா அரி, அரசாங்கம் தடை பண்ணிருச்சு. அம்மா? ‘இம்மா’. அப்பா? ‘இப்பா’. உள்ளே வந்து தண்ணீர் குடித்த அமர்க்கனிடம் இது ஏட்டில் உண்டா என்றேன். “ஏதுங்க ஏடு? வாயில வந்துச்சு. போன வாரம் எடப்பாடிப் பக்கம் வேற சொன்னேன்” என்று திரும்ப ஓடினார். ஒரு மதத்தின் வேதம் என் கண்ணெதிரே வாரத்துக்கு ஒருமுறை திருத்தப்படுகிறது!

நள்ளிரவுக்குமேல் கொஞ்சம் தொய்வு. நான் ஒரு மணி நேரம் தூங்கிவிட்டேன்; மறைப்பானேன். எழுந்தபோது வாத்தியார் தணலருகே பழைய கதை சொல்லிக்கொண்டிருந்தார். அவர் அப்பா இரணியன் கட்டிய காலத்தில், சில ஊர்களில் கறுப்புச் சட்டைக்காரர்கள் வந்து இரணியனுக்கு மாலை போட்டுவிட்டுப் போவார்களாம். பாரதிதாசனின் ‘இரணியன் அல்லது இணையற்ற வீரன்’ 1934-இல் சுயமரியாதை மேடைகளில் ஏறியது. அதில் இரணியன் வஞ்சகத்தால் வீழ்த்தப்பட்ட தமிழ்வீரன். 1948-இல் அரசாங்கம் அந்த நாடகத்துக்குத் தடை போட்டது. “எங்களுக்கு மாலை வந்தாலும் சரி, மண்ணு வாரித் தூத்தினாலும் சரிங்க. ரெண்டுக்கும் இரணியன் நல்லா இருக்கணும். பிரகலாதன் லேசு, நம்பினாப் போதும். இரணியன் நம்பாம இருக்கணும், அதுல அடவு ஜாஸ்தி.”

இதைக் கேட்டதும் எனக்குத் தூக்கம் போய்விட்டது. ஏனென்றால் நாலு மணிக்குத் தூணுக்குள் நரசிம்மரை இறக்கியாகிவிட்டது. நானே பார்த்தேன்: முகமூடி, பிடரி மயிர், எட்டு நகம், கூடவே ஒரு தண்ணீர் பாட்டில். அவரைத் தூணுக்குள் உட்காரவைத்துப் பின்பக்கத் தாளை ஒட்டியதில் இரணியனும் ஒரு கை கொடுத்தார். “கால் மரத்துப்போனா மாத்தி உக்காரு மச்சான்” என்று தூணுக்குள் குனிந்து சொன்னதும் அவரே. பிறகு அந்தத் தூணைக் களரியில் நட்டுவிட்டு, அதன் எதிரில் நின்று, அதற்குள் ஒருவனும் இல்லை என்று அடிவயிற்றிலிருந்து சாதிக்கப் போகிறவரும் அவரே.

தர்க்கம் ஆரம்பித்தது. கூத்தில் வாதத்துக்குத் தர்க்கம் என்றுதான் பெயர். அப்பனும் மகனும் மாறி மாறி விருத்தம் எடுக்கிறார்கள். கம்பன் யுத்தகாண்டத்தில் இதை வீடணன் வாயால் ராவணனுக்குச் சொல்ல வைத்தான். இங்கே எட்டாம் வகுப்புப் பையன் மப்ளரைக் கழற்றி எறிந்துவிட்டுச் சொல்கிறான். எங்கேடா உன் அரி? அணுவுக்குள்ளும் இருக்கிறான். நீ சொல்கிற சொல்லில்? அதிலும். இந்தத் தூணில்?

பையன் வாயைத் திறக்கும் முன்பே தூண் தும்மியது.

அச்! என்று நல்ல கனமான தும்மல். மைதாவும் பனியும் சேர்ந்தால் யாருக்குத்தான் வராது? குடோனுக்குள் நாங்கள் எல்லாரும் ஒருவரையொருவர் பிடித்துக்கொண்டோம். வாத்தியார் தலையில் கை வைத்தார். கோமாளி கண் இமைக்கும் நேரத்தில் களரிக்குள் பாய்ந்தார்: “மன்னா! தூணுக்குச் சளி புடிச்சிருச்சு! ஏற்காட்டுக் குளுரு மன்னா, கல்லும் தும்மும்!” களம் அதிர்ந்தது. முன்வரிசைப் பாட்டி மட்டும் சிரிக்கவில்லை. இரணியனைப் பார்த்து விரலை நீட்டி, “கேட்டுச்சில்ல? இப்பவாச்சும் நம்புடா பாவி!” என்றாள்.

இரணியன் என்ன செய்தார் தெரியுமா? திரும்பித் தூணைப் பார்த்தார். காதை வைத்துக் கேட்டார். முழு அரை நிமிடம். பிறகு ஊரைப் பார்த்து, மிக மெதுவாக, “எனக்கு ஒன்றும் கேட்கவில்லை” என்றார்.

சிரிப்பு அப்படியே நின்றுபோனது. எனக்கு முதுகில் சில்லென்றது. கூத்தின் நோட்டில் இல்லாத வரி அது.

நல்லவேளை, பையன் நிமிர்ந்து, “தூணிலும் இருக்கிறான்” என்று தன் அடியை எடுத்தான்.

அதற்குள் ஊர்ப் பெரியவர் குடோனுக்கு வெளியே போய்க் கையை நீட்டி நின்றார். விடியலைக் கடிகாரத்தில் பார்க்கக் கூடாதாம். உள்ளங்கை ரேகை தெரிகிறதா என்று பார்க்க வேண்டும். தெரிந்தால் பகல், தெரியாவிட்டால் இரவு. பனியில் கையே தெரியவில்லை. வாத்தியார் ‘நீட்டு, நீட்டு’ என்று சைகை காட்ட, அப்பனும் மகனும் தர்க்கத்தை இழுத்தார்கள். பாடிய விருத்தத்தையே திரும்பப் பாடினார்கள். தூணுக்குள் இருப்பவரை நினைத்து எனக்குக் கால் மரத்தது. பெரியவர் உள்ளங்கையை மூக்குக்கு அருகே கொண்டுவந்தார். “தெரியற மாதிரியும் இருக்கு, தெரியாத மாதிரியும் இருக்கு” என்றார்.

“அதேதான்! அடிங்கடா!” என்றார் வாத்தியார்.

இரணியன் கதையால் அறைந்தார். தங்கம் விலையும் கண்ணீர் அஞ்சலியும் கிழிந்து பறக்க அது வெளியே வந்தது. அது என்றுதான் சொல்வேன். நான் கண்ணால் பார்த்து உள்ளே அனுப்பிய ஆள் அல்ல. நாலு பேர் இடுப்புத் துண்டைப் பிடித்தும் அடங்கவில்லை, அருள் வந்துவிட்டது. முழங்கால் மரத்த மனுசன் எப்படி அவ்வளவு உயரம் எம்பினார்? வாசப்படிப் பலகையில் உட்கார்ந்து இரணியனைத் தொடைமேல் சாய்த்தது. இரணியனின் தலை ஒரு பக்கம், கால் ஒரு பக்கம், வில்லாக வளைந்து தொங்கினார். அப்படித் தொங்குவதை நாமக்கல் குடைவரையில் இருக்கும் நரசிம்மர் சிற்பத்தைப் பார்த்துக் கற்றுக்கொண்டதாக அவர் முன்பே சொல்லியிருந்தார். அவருடைய வாத்தியார் அங்கே கூட்டிப்போய் ஒரு பகல் முழுக்க நிறுத்தி வைத்தாராம். மஞ்சளும் சுண்ணாம்பும் கரைத்த ஆலம் சிவப்பாய்க் கொட்டியது. சாயம் தோய்த்த வேட்டிக் கிழிசல் குடலாக உருவி வந்தது. எட்டு நகம் தாராளமாகப் போதுமாக இருந்தது.

கற்பூரம் காட்டினார்கள். எலுமிச்சை? வாத்தியார் கையை நீட்ட, எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். ராத்திரி தேநீரில் பிழிந்துவிட்டதில் எனக்கும் பங்கு உண்டு. முன்வரிசைப் பாட்டி முந்தானை முடிச்சை அவிழ்த்து ஒன்றை எடுத்துக் கொடுத்தாள். வேறு எதற்கோ வைத்திருந்தது. அதை நறுக்கிப் பிழிந்ததும்தான் நரசிம்மர் மெல்லச் சரிந்து அமர்ந்தார். முகமூடியைக் கழற்றினார்கள். கண்ணெல்லாம் சிவந்து, மூக்கு ஒழுகிக்கொண்டிருந்தது. அவர் முந்தின நாள் காலைக்குப் பிறகு பேசிய முதல் வார்த்தை: “யாராச்சும் விக்ஸ் வச்சிருக்கீங்களா?”

குடோனுக்குள் அரிதாரம் கலைந்துகொண்டிருந்தது. தேங்காயெண்ணெய் திரும்ப உறைந்துவிட்டது; இரணியன் கட்டியாகவே எடுத்து முகத்தில் தேய்த்தார். சிவப்பு வழித்துவந்த துணியில் அந்தப் புருவம் அப்படியே பதிந்திருந்தது. “அந்த வரி,” என்றேன், “‘எனக்கு ஒன்றும் கேட்கவில்லை’. எங்கிருந்து வந்தது?”

“நெசமா ஒண்ணும் கேக்கலீங்க தம்பி” என்றார். “தும்மினதா? யாரு?”

விளையாடுகிறாரா என்று முகத்தைப் பார்த்தேன். காதுமடலில் சிவப்பு மிச்சமிருந்தது. அதற்குள் பாட்டி குடோன் வாசலில் வந்து நின்றுகொண்டிருந்தாள். கையில் தூக்குப் போசி. உள்ளே களியும் கீரைக் குழம்பும். “இந்தப் பாவிக்குத்தான்” என்று இரணியன் முன்னால் வைத்துவிட்டு, அவர் உண்டு முடிக்கும் வரை பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தாள்.

இறங்கும்போது வேன் ஒண்டிக்கடையில் மறுபடி நின்றது. இந்த முறை இரணியன் இரண்டு பஜ்ஜி வாங்கினார். ஓட்டுநர், “அண்ணா, இன்னும் இருபது வளைவு இருக்கு” என்று எச்சரித்தார். பிரகலாதன் அவர் தோளில் சாய்ந்து வாயைத் திறந்தபடி தூங்கிக்கொண்டிருந்தான். அவர் ஒரு பஜ்ஜியைத் தாளில் சுற்றிப் பையன் சட்டைப்பையில் வைத்தார். சாயங்காலம் ஆறு மணிக்குக் கேட்டில் நிற்க வேண்டுமாம்.